எனக்குச் சிங்களம் தெரியும் என்று சொன்னேன்

கொழும்பிலிருந்து எங்கள் பிரதேச செயலகத்துக்கு வந்த சிங்களக் கடிதங்களில் ஒன்றையும் நான் திருப்பி அனுப்பியதில்லை. வன்னியில் முகாமைத்துவ உதவியாளராக இருந்து ஓய்வுபெற்றவன் நான். "தமிழில் அனுப்பி வைக்கவும்" என்று ஒரு வரி எழுதியிருக்கலாம். எழுதவில்லை.

எழுதுவதற்குச் சட்டம் இருந்தது. 1987இல் அரசியலமைப்பின் 13ஆவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. அடுத்த ஆண்டு டிசம்பரில் வந்த 16ஆவது திருத்தம் வடக்கு, கிழக்கின் நிர்வாக மொழி தமிழ் என்று வரையறுத்தது. மேற்பார்வை செய்ய 1991இல் அரசகரும மொழிகள் ஆணைக்குழுவுக்கான சட்டமும் வந்தது. இவ்வளவையும் பதவி உயர்வுப் பரீட்சைக்குப் பாடமாக்கி நல்ல புள்ளி எடுத்தவன் நான்.

சிங்களமும் அப்படிப் படித்ததுதான். சில கட்டுரை, சில கடிதம் பாடமாக்கி, மொழித் தேர்ச்சிப் பரீட்சையில் சித்தியடைந்து, ஊக்குவிப்புக் கொடுப்பனவும் வாங்கினேன். கந்தோரில் 'சிங்களம் தெரிஞ்ச ஆள்' ஆகிவிட்டேன். போர் முடிந்து, சனம் மெனிக் பாம் முகாமிலிருந்து ஊர் திரும்பிக்கொண்டிருந்த காலம் அது. காணி, நட்டஈடு, மரணச் சான்றிதழ் என்று எந்தச் சிங்களத் தாள் கிடைத்தாலும் என் மேசைக்குத்தான் கொண்டுவருவார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது. கடிதம் தமிழில் வந்தால் என்னிடம் யார் வரப்போகிறார்கள்? நான் எதையும் திருப்பி அனுப்பாததற்கு உண்மையான காரணம் இதுதான்.

ஒரு அம்மா வந்தார். பொலித்தீன் பைக்குள் குடும்ப அட்டை, காணிப் பெர்மிற், இரண்டாய் மடித்த ஒரு சிங்களக் கடிதம். அவருடைய மேட்டுக்காணி தனக்குரியது என்று ஒரு திணைக்களம் எழுதியிருந்தது. முதல் பந்தி விளங்கியது. இரண்டாவது அரைகுறை. மூன்றாவதில் இருந்த சொற்கள் நான் பாடமாக்காதவை.

"காணி பாக்க வருவினமாம் அம்மா, பயப்பிடாதேங்கோ" என்றேன்.

அவர் மூன்றாம் பந்தியில் விரலை வைத்தார். "இதிலை 30 எண்டு கிடக்கு. அதென்ன தம்பி?"

"அது சட்டத்தின்ரை நம்பர்."

அது 30 நாள். ஆட்சேபனை இருந்தால் அதற்குள் எழுத்தில் அனுப்ப வேண்டும் என்றிருந்தது. தவணை கடந்து இரண்டாம் கடிதம் வந்த பிறகு, கந்தோருக்குப் புதிதாய் வந்த பெடியன் வாசித்துச் சொல்லித்தான் எனக்கே தெரியும். அப்போதும் நான் ஒப்புக்கொள்ளவில்லை. "முந்தின கடிதத்திலை இதைப் போடேல்லை அம்மா" என்று இன்னொரு பொய் சொன்னேன். அவர் நம்பினார். காணி போய்விட்டது.

கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞராக இருந்த செ. கோடீஸ்வரனைப் பற்றி அரச ஊழியர் பலர் கேள்விப்பட்டிருப்பார்கள். சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைக்குத் தோற்ற மறுத்ததால் 1962இல் அவருடைய சம்பள உயர்வு நிறுத்தப்பட்டது. வழக்குப் போட்டார். 1964இல் மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்த்தது. உயர் நீதிமன்றம் அதை மாற்றியது. 1969இல் வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. தமிழுக்கு அரசகரும மொழி என்ற தகுதியே இல்லாத காலத்தில் ஒரு எழுதுவினைஞர் சம்பளத்தை விட்டுக்கொடுத்து நின்றார். அந்தத் தகுதி கிடைத்த காலத்தில் நான் கொடுப்பனவு வாங்கிக்கொண்டிருந்தேன். சிங்களம் படித்ததைப் பிழை என்று சொல்லமாட்டேன். ஒழுங்காகப் படித்திருந்தால் அந்த 30ஐயாவது வாசித்திருப்பேன்.

மொழியுரிமைக் கூட்டங்களில் கொழும்பைத் திட்டும்போது நானும் கை தட்டியிருக்கிறேன். கொழும்பில் குறை இருக்கிறது, அதை மறுக்கவில்லை. ஆனால் எங்கள் செயலகத்துக்குச் சிங்களத்தில் கடிதம் எழுதிய உத்தியோகத்தர் தான் செய்தது பிழை என்று எப்படி அறிவார்? 'தங்கள் கடிதம் கிடைத்தது' என்று நான் அவருக்கு அனுப்பிய பதிலும் சிங்களத்தில்தான் இருந்தது.