நொபுகோ சுமந்த தண்ணீர்

பட்டும் நகையுமாக மின்னிப் பேர் வாங்கிய நடிகைகளை நமக்குத் தெரியும். படம் பூராவும் தண்ணீர் சுமந்தே பேர் வாங்கியவரைத் தெரியுமோ? ஜப்பான் நடிகை நொபுகோ ஒடோவாதான் அவர்.

1924-ல் பிறந்தவர். பெண்கள் மட்டுமே ஆடிப் பாடி நடிக்கும் டகரசூகா நாடகக் குழுவில் பயின்றவர். 1950-ல் டாயேய் என்ற பெரிய படக் கம்பெனியில் சேர்ந்தார். அவர் சிரித்தால் கன்னத்தில் குழி விழும். 'பத்து லட்சம் டாலர் கன்னக்குழி' என்றே விளம்பரம் செய்தார்கள்! கேட்கப் பெருமைதான். ஆனால் கன்னக்குழியை எத்தனை நாளைக்குக் காட்டிக்கொண்டிருப்பது?

1951-ல் கனெடோ ஷிண்டோ இயக்கிய முதல் படத்தில், வறுமையில் வாடும் கதாசிரியனின் மனைவியாக நடித்தார். அடுத்த வருஷமே பெரிய கம்பெனியை உதறிவிட்டு, ஷிண்டோவும் நண்பர்களும் நடத்திய சின்னஞ்சிறு கம்பெனிக்கு வந்துவிட்டார். அங்கே பணத்துக்கு எப்போதும் திண்டாட்டம். 'ஹிரோஷிமாவின் குழந்தைகள்' என்ற படத்தில், அணுகுண்டு விழுந்த ஊரில் தன் பழைய மாணவர்களைத் தேடிப் போகும் டீச்சராக வந்தார்.

1960-ல் கம்பெனி கடனில் மூழ்கும் நிலை. கடைசி முயற்சியாக 'நிர்வாணத் தீவு' படத்தை எடுத்தார்கள். பெயரைப் பார்த்துப் பயந்துவிடாதீர்கள்! கிணறுகூட இல்லாத வறண்ட தீவு என்றுதான் அர்த்தம். அங்கே ஒரு குடும்பம். புருஷனும் பெண்டாட்டியும் படகில் போய் நல்ல தண்ணீர் மொண்டு வந்து, காவடி போலத் தோளில் சுமந்து, மேடேறிச் செடிகளுக்கு ஊற்றுகிறார்கள். படத்தில் வசனமே இல்லை எனலாம்.

ஒரு நாள் அவள் கால் இடறி, ஒரு வாளித் தண்ணீர் கொட்டிவிடுகிறது. புருஷன் பளாரென்று அறைகிறான். எனக்கு நெஞ்சு பதறிவிட்டது. அவளோ ஒரு வார்த்தை பேசவில்லை. பிறகு மூத்த பிள்ளை காய்ச்சலில் இறந்துபோகிறான். மறுபடி வயலுக்கு வந்தவள், வாளியைத் தானே கவிழ்த்துவிட்டு, செடிகளைப் பிடுங்கி எறிந்து மண்ணில் விழுந்து கதறுகிறாள். இந்தத் தடவை புருஷன் கை ஓங்கவில்லை. பேசாமல் பார்த்து நிற்கிறான். கொஞ்ச நேரத்தில் அவளே எழுந்து, மறுபடி தண்ணீர் ஊற்ற ஆரம்பிக்கிறாள்.

அழுது முடித்த கையோடு அடுப்பு மூட்டியாக வேண்டிய நமக்கு, இதை யாராவது விளக்கிச் சொல்ல வேண்டுமா என்ன?

1961-ல் மாஸ்கோ படவிழாவில் பெரும்பரிசு கிடைத்தது. பல நாடுகள் படத்தை வாங்க, கம்பெனியும் பிழைத்தது. 1978-ல் ஷிண்டோவும் நொபுகோவும் மணந்துகொண்டார்கள். கல்லீரல் புற்றுநோயோடு போராடியபடியே தமது கடைசிப் படத்திலும் நடித்துக் கொடுத்துவிட்டு, 1994 டிசம்பரில் அவர் கண்மூடினார். மறு வருஷம்தான் அந்தப் படம் வெளிவந்தது.

கன்னக்குழியோடு நின்றிருந்தால் சுகமாகவே இருந்திருக்கும். வாளியைத் தூக்கியதால்தான், யாரும் கவனிக்காத பெண்களின் பாடு உலகத்தின் கண்ணில் பட்டது.

'நிர்வாணத் தீவு' பார்க்கக் கிடைத்தால் விடாதீர்கள். பாஷை தெரியாதே என்ற கவலை வேண்டாம். கைவேலையை மட்டும் கொஞ்சம் ஒதுக்கி வைத்துவிட்டு உட்காருங்கள்.