பெயரை வைத்து ஆளை முடிவு செய்யாதீர்கள்



ஒரு புரோகிராமைத் திறந்தால் "எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணவில்லை" என்று ஒரு பெட்டி வந்து நிற்கிறது. அதை போட்டோ எடுத்து "என்ன டீச்சர் செய்வது?" என்று உங்களில் பலர் எனக்கு அனுப்புகிறீர்கள். எல்லோருக்கும் சேர்த்து இங்கே எழுதிவிடுகிறேன்.

கல்யாணத்துக்கு வீட்டுக்கு வீடு பெரிய அண்டா வாங்கி வைப்பதில்லை. ஊர்ப் பொது அண்டாவை எடுத்துச் சமைக்கிறோம். டிஎல்எல் கோப்பும் அப்படித்தான். பல புரோகிராம்களுக்குத் தேவையான வேலையை ஒரே கோப்பில் எழுதி வைத்து, எல்லாம் அதையே பயன்படுத்துகின்றன. லினக்ஸில் இதே வகைக் கோப்பின் பெயரில் .எஸ்ஓ என்று இருக்கும்.

காணவில்லை என்றதும் பலர் அந்தப் பெயரை கூகுளில் தேடி, கிடைத்த இடத்தில் இறக்கிக்கொள்கிறார்கள். அங்கேதான் ஆபத்து. ஒரே வகுப்பில் மூன்று செந்தில்குமார் இருந்தால் இனிஷியல், பிறந்த தேதி, டி.சி.யில் உள்ள அங்க அடையாளம் எல்லாம் பார்ப்போம் அல்லவா? கோப்புக்கும் அப்படிப் பார்க்க வேண்டும்.

முதலில் வகை. விண்டோஸில் டிஎல்எல் கோப்பின் முதல் இரண்டு எழுத்துகள் 'எம்', 'இசட்'. மைக்ரோசாஃப்டில் வேலை பார்த்த மார்க் ஸ்பிகோவ்ஸ்கியின் பெயரெழுத்துகள் அவை. கன்ட்ரோல் பேனலின் .சிபிஎல் கோப்பும் உள்ளே டிஎல்எல்தான். வால் மாறினாலும் வகை மாறாது.

அடுத்து 32 பிட்டா, 64 பிட்டா என்பது. 32 பிட் புரோகிராம் 64 பிட் டிஎல்எல்லை ஏற்காது. 64 பிட் விண்டோஸில் 'சிஸ்டம்32' என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 'சிஸ்வாவ்64' ஃபோல்டரில் இருப்பவை 32 பிட். பெயர் தலைகீழாக இருப்பதால் தவறான இடத்தில் போட்டுவிட்டுத் திண்டாடுபவர்கள் உண்டு.

மூன்றாவது பதிப்பு. எம்எஸ்விசிபி140 என்ற ஒரே பெயர்தான் விஷுவல் ஸ்டுடியோ 2015, 2017, 2019, 2022 எல்லாவற்றுக்கும். பெயர் சரியாக இருந்தும் கோப்பு பழசாக இருக்கலாம்.

நான்காவது கையொப்பம். கோப்பின் மேல் ரைட் கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸில் 'டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்' பாருங்கள். இந்தக் கோப்பில் மைக்ரோசாஃப்ட் பெயர் இருக்க வேண்டும். விண்டோஸின் சொந்தக் கோப்புகள் பலவற்றுக்குக் கையொப்பம் தனியே வேறு கோப்பில் இருக்கும். அவற்றில் இந்தப் பக்கம் இல்லை என்பதற்காகப் போலி என்று முடிவு கட்ட வேண்டாம்.

கம்ப்யூட்டர் சென்டர் வைத்திருக்கும் மாணவன் ஒருவன் இப்படி ஒரு கோப்பை இறக்கிவிட்டு, போடுவதற்கு முன் என்னைக் கேட்டான். பெயர் அச்சு அசலாக இருந்தது, கையொப்பம் இல்லை. அழிக்கச் சொன்னேன். ஒரு டிஎல்எல், தன்னைக் கூப்பிடும் புரோகிராமுக்கு உள்ள அத்தனை அதிகாரத்தோடும் ஓடும். அவன் கம்ப்யூட்டரில் ஊர்க்காரர்களின் ஆதார், ரேஷன் கார்டு, சாதிச் சான்றிதழ் எல்லாம் ஸ்கேன் செய்து கிடக்கின்றன. நம்பிக் கொடுத்தவர்கள் அவர்கள்.

உறவுகளுக்கு இன்னொன்று. 2001-இல் "சல்ஃப்என்பிகே.எக்ஸி என்ற வைரஸை உடனே அழியுங்கள், எல்லோருக்கும் அனுப்புங்கள்" என்று உலகம் முழுக்க ஒரு மெயில் சுற்றியது. அது விண்டோஸோடு வந்த நல்ல கோப்பு. பெயரை மட்டும் பார்த்துப் பலர் அழித்தார்கள். பெயரைப் பார்த்து நம்புவதும் தப்பு, பெயரைப் பார்த்துப் பயப்படுவதும் தப்பு.

சரி, என்ன செய்வது? மேலே சொன்ன கோப்பு 'விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிப்யூட்டபிள்' என்ற தொகுப்பைச் சேர்ந்தது. மைக்ரோசாஃப்ட் தளத்தில் இலவசம். எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் போடுங்கள். விண்டோஸின் சொந்தக் கோப்பு கெட்டிருந்தால், கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து 'எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ்' கொடுங்கள். அதுவே சரிசெய்யப் பார்க்கும். வேறு கோப்பு என்றால், கேட்கிற புரோகிராமையே அதன் சொந்தத் தளத்திலிருந்து மறுபடி நிறுவுங்கள்.

சந்தேகம் இருந்தால் இறக்குவதற்கு முன்னாலேயே கேளுங்கள். எந்த நேரமானாலும் பதில் சொல்கிறேன்.