பெயர் சொல்லி அழைக்கும் பாலை

சென்ற தவணையில் ஒரு நாள் மத்திய ஆசியாவின் தேசப்படத்தைச் சுவரில் மாட்டிப் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். கடைசி வாங்கிலிருந்த மாணவனொருவன் எழுந்து, "ஐயா, பேய்கள் குடியிருக்கும் பாலைவனம் உண்மையாகவே எங்கேனும் உண்டா?" என்று வினவினான். வகுப்பு கொல்லென்று சிரித்தது. மந்திரக் கதைகளில் வரும் பாலைவனங்களை எண்ணி அவன் கேட்டிருக்க வேண்டும். நான் சிரிக்கவில்லை. கோலை எடுத்துச் சீனாவின் வடமேற்கிலுள்ள சிங்கியாங் பகுதியில் ஓரிடத்தைத் தொட்டுக் காட்டினேன். அதன் பெயர் லொப் நோர். அங்கே சென்று வந்தவனல்லன் நான். சென்று மீண்டவர்கள் எழுதி வைத்தவற்றைப் படித்தவன் மட்டுமே.

தக்லமக்கான் பாலையின் கிழக்கே, தாரிம் ஆறு கடல் முகம் காணாமலே ஓடி முடிந்த பெரும் பள்ளம் அது. முன்னாளில் அங்கே ஏரி இருந்தது. இன்று உப்புப் பாளமே எஞ்சியுள்ளது. உழுது காய்ந்த வயலைப்போல் அவ்வுப்பு கட்டி கட்டியாக நிமிர்ந்து நிற்பதால், நடப்பவர் காலையும் ஒட்டகத்தின் பாதத்தையும் கிழித்துவிடும். சுற்றிலும் காற்று செதுக்கிய களிமண் முகடுகள். பண்டைச் சீனர் அவற்றை 'வெள்ளை டிராகன் மேடு' என அழைத்தனர்.

கி. பி. 399 இல் சீனத்தை விட்டுப் புறப்பட்ட பாகியன் என்னும் துறவி இவ்வழியே பதினேழு நாள் நடந்தார். வானில் பறவையில்லை, தரையில் விலங்கில்லை, முன் சென்று மாண்டவர்களின் எலும்புகளே வழிகாட்டின என்று எழுதுகின்றார். இவரே பின்னாளில் நமது இலங்கைக்கு வந்து ஈராண்டு தங்கியவர். அநுராதபுரத்தில் வணிகனொருவன் காணிக்கையாக வைத்த சீனத்து வெண்பட்டு விசிறியைக் கண்டு கண்ணீர் உகுத்தாராம். அந்தப் பதினேழு நாளை அறிந்தவர்க்கே அக்கண்ணீரின் பொருள் விளங்கும்.

ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதியில் யுவான் சுவாங் சென்ற வழி இதற்குச் சற்று வடக்கே கிடந்தது. நாட்டை விட்டு எவரும் வெளியேறலாகாதென்ற அரசாணையை மீறி அவர் தனியே புறப்பட்டார். துணையாயிருந்தது ஒரு கிழக் குதிரை. அவ்வழியே பதினைந்து முறை போய் வந்த குதிரையென்று சொல்லி, முதியவரொருவர் அதனை அவரிடம் ஒப்படைத்திருந்தார். பாலையில் கொடிகளும் ஒட்டகங்களுமாகப் படைகள் திரண்டு வருவதைத் துறவி கண்டார். அணுகியதும் அவை மறைந்தன. பின்னர் தண்ணீர்ப் பை கை நழுவி, இருந்த நீர் முழுவதும் மணலிற் கொட்டிவிட்டது. சிறிது தூரம் திரும்பி நடந்தார். இந்தியாவை அடையாமல் கிழக்கே ஓரடியும் வைப்பதில்லையென்று தாம் செய்த சபதம் நினைவுக்கு வரவே, மீண்டும் மேற்கு நோக்கினார். நான்கு இரவும் ஐந்து பகலும் ஒரு துளி நீரில்லை. ஐந்தாம் இரவு குளிர்ந்த காற்று வீசியது. எழுந்து சென்றபோது குதிரை அவர் இழுத்த பக்கம் வர மறுத்து, வேறு திசையிற் போய்ப் புல்லும் நீரும் உள்ள இடத்தில் நின்றது. காஞ்சிவரை சென்ற அம்மகானை உயிரோடு நமக்குத் தந்தது அக்கிழக் குதிரைதான்.

பதின்மூன்றாம் நூற்றாண்டில் வந்த மார்க்கோ போலோ பேய்களைப் பற்றியே விரிவாகக் கூறுகின்றார். இரவிலே கூட்டத்தினின்றும் பின்தங்கியவனை உடன் வந்தோரின் குரலில் அவை பெயர் சொல்லி அழைக்குமாம். குரலைப் பின்பற்றிப் போனவன் மீள்வதில்லை. சில வேளை முரசும் ஒலிக்குமாம். ஆகவே, வழிச்செல்வோர் உறங்குமுன் மறுநாள் செல்லும் திசையைக் காட்டும் அடையாளமொன்றை நட்டு வைப்பர். விலங்குகளின் கழுத்தில் மணி கட்டுவர்.

உலர்ந்த மணல் சரிவில் வழியும்போது முழங்கும் என்பதும், பகலில் காய்ந்த உப்பும் பாறையும் இரவுக் குளிரில் சுருங்கி வெடிக்கும் என்பதும் இன்று நாம் அறிந்தவை. நாவறண்ட மனம் அவ்வொலியைத் தெரிந்தவர் குரலாக்கிக்கொள்வதில் வியப்பில்லை. கானலுக்குப் பேய்த்தேர் என்று பெயரிட்ட நம் முன்னோர், யுவான் சுவாங் கண்ட படையையும் அவ்வாறே அழைத்திருப்பர்.

ஏரியும் ஒருவகையில் மாயம் காட்டியதுதான். சுவீடன் நாட்டுச் ஸ்வென் ஹெடின் 1900 மார்ச்சில் இங்கு வந்தபோது, கிணறு தோண்ட மண்வெட்டியைத் தேடினார். முந்திய தங்குமிடத்தில் அதை விட்டு வந்துவிட்டனர். எடுக்கச் சென்ற வழிகாட்டி புயலில் வழி தவறி, செதுக்கு மரங்கள் கிடந்த பாழிடமொன்றைக் கண்டான். அதுவே மணலில் மறைந்த லூலான் நகரம். ஆற்று வாய் வண்டலால் தூர்ந்து நீர் வேறு பக்கம் திரும்ப, ஏரியும் இடம் பெயரும் என்பது ஹெடினின் முடிவு. 1921 இல் ஆறு உண்மையாகவே பழைய படுகைக்குத் திரும்பியது. 1934 இல் ஹெடின் அதிலே படகிற் சென்றார்.

பின்னர் மேலே அணைகள் எழுந்தன; வயல்கள் நீரைக் குடித்தன. 1970களின் தொடக்கத்தில் ஏரி வற்றிவிட்டது. செய்மதி எடுத்த படத்தில் அப்படுகை மடல் மடலாக, ஒரு பெரிய மனிதக் காதைப்போலவே தோன்றுகின்றது. 1964 முதல் 1996 வரை சீனா அணுக்குண்டுகளைச் சோதித்ததும் இப்பிரதேசத்திலேயாம்.

1980 யூன் மாதத்தில் பெங் ஜியாமு என்னும் விஞ்ஞானி ஓர் ஆய்வுக் குழுவுடன் இங்கு வந்தார். நீரும் எரிபொருளும் தீரும் நிலை. நீர் அனுப்பும்படி செய்தி கொடுத்தாயிற்று. 17 ஆந் திகதி, தாம் கிழக்கே கிணறு தேடிப் போவதாக ஒரு துண்டுக் கடிதம் எழுதி வைத்துவிட்டு அவர் தனியே நடந்தார். விமானங்களும் படைவீரரும் பலமுறை தேடியும் அவருடைய உடல் கிடைக்கவில்லை.

இதைச் சொன்னபோது வகுப்பில் எவரும் சிரிக்கவில்லை. ஒலிக்குக் காரணம் இன்னதென நான் விளக்கியதையெல்லாம் கவனமாகக் கேட்டிருந்த கடைசி வாங்கு மாணவன் மெல்ல எழுந்து, "ஐயா, அவருக்கும் யாராவது கூப்பிட்டது கேட்டிருக்குமோ?" என்றான்.