எஃகுக் கூடும் நமது வாக்கும்

உபாத்தியாயர் தொழிலில் ஒரு சௌகரியம் உண்டு. நாம் சொல்லுவதை நாற்பது பேர் உடனே எழுதிக்கொள்ளுகிறார்கள். அது மெய்தானா என்று கேட்பவர் அநேகமாக ஒருவரும் இல்லை. இருபது வருஷம் இதை அநுபவித்தபின், வகுப்புக்கு வெளியிலும் அதே தோரணையில் பேசும் பழக்கம் நமக்கு வந்துவிட்டது. அதன் பலனைச் சென்ற பொங்கல் விடுமுறையில் தஞ்சைப் பீரங்கி மேட்டில் கண்டோம்.

நம்மிடம் பௌதிகம் படித்த பையன் ஒருவன் அமெரிக்காவில் டெக்ஸாஸ் மாகாணத்தில் உத்தியோகம் பார்க்கிறான். அங்கே கைத்துப்பாக்கி வாங்கிக் குறி பார்த்துச் சுடுவது பலருக்கு ஞாயிற்றுக்கிழமைப் பொழுதுபோக்கு. இவனும் 9 மில்லிமீட்டர் துப்பாக்கி ஒன்று வாங்கியிருந்தான். ஒரு நாள் டெலிபோனில், "ஸார், பித்தளைக் கூடுள்ள தோட்டாவைவிட எஃகுக் கூடுள்ளது மலிவாகக் கிடைக்கிறது, உபயோகிக்கலாமா?" என்று கேட்டான். நாம் ஒரு க்ஷணமும் தயங்கவில்லை. "எஃகு எஃகை அறுக்கும், தம்பி! நாலு நாளில் குழல் தேய்ந்துபோகும். இன்றே பித்தளைக்கு மாறிவிடு" என்று தீர்ப்புச் சொன்னோம். துப்பாக்கியை நாம் தொட்டதுகூட இல்லை என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும்.

விடுமுறைக்கு ஊர் வந்தவன் நம்முடன் பீரங்கி மேட்டுக்கு வந்தான். ரகுநாத நாயக்கர் காலத்துப் பீரங்கி அங்கே கிடக்கிறது. 24 அடிக்கு மேல் நீளம். வார்த்ததன்று, இரும்புப் பட்டைகளை நீளவாட்டில் அடுக்கி, மேலே வளையங்களைப் பூட்டி, காய்ச்சி அடித்து ஒட்டவைத்தது. நம் கருமார்களின் திறமையைப் பற்றி நாம் பிரசங்கம் ஆரம்பித்தபோது அவன் மெல்லச் சொன்னான்: "ஸார், அன்று நீங்கள் சொன்னபடி செய்தேன். துப்பாக்கி சிக்கிக்கொண்டது."

நடந்தது இதுதான். பாதிப் பொழுது எஃகுக் கூட்டுத் தோட்டாக்களைச் சுட்டவன், நமது வாக்கை நினைத்து, துடைக்காமலே பித்தளைக்கு மாறினான். சில குண்டுகள் போனதும், வெந்த கூடு வெளியே வராமல் அறையிலேயே ஒட்டிக்கொண்டது. துப்பாக்கியின் வாயை மண்மேட்டுப் பக்கமே வைத்துக்கொண்டு அவன் அசையாமல் நின்றான். அங்கிருந்த மேற்பார்வையாளர் வந்து அதை விடுவித்தாராம். "கை நடுங்கிவிட்டது, ஸார்" என்றான். நமக்கு அப்போதுதான் நடுங்கியது.

வீடு திரும்பியதும், முன்பே படித்திருக்க வேண்டியதைப் படித்தோம். தோட்டா என்பது ஒரு கூடு. உள்ளே மருந்து, முனையில் குண்டு, அடியில் தீபாவளிக் கேப்பைப் போல அடிபட்டால் பற்றும் சிறு மருந்து. குழலில் உராய்ந்து போவது குண்டுதான். கூடு அறையிலேயே நின்று பிறகு பக்கவாட்டில் எறியப்படுகிறது. அது மென்மையான எஃகு. குழலின் எஃகோ அதைவிடக் கடினமானது. ஆகவே குழலைக் கூடு அறுக்கும் என்றது பிழை. குண்டின் செப்புப் பூச்சுக்கு அடியில் எஃகு உறை இருந்தால் குழல் சற்று அதிகம் தேயலாம்; காந்தம் வைத்தால் அது தெரிந்துவிடும். அது வேறு விஷயம்.

உண்மையான வித்தியாசம் வேறிடத்தில் இருக்கிறது. சுமார் 70 பங்கு செம்பும் 30 பங்கு துத்தநாகமும் சேர்ந்த பித்தளை, மருந்து வெடித்ததும் விரிந்து அறைச்சுவரோடு ஒட்டிப் புகையை அடைக்கிறது. அழுத்தம் தணிந்ததும் சுருங்கி விலகுகிறது. எஃகு அவ்வளவு இணங்காது. அதைச் சுற்றிப் புகை கசிந்து அறையில் கரி படியும். அந்தக் கரியின்மேல் பித்தளைக் கூடு விரிந்து அழுந்தினால் பிடித்துக்கொள்ளலாம். கைத்துப்பாக்கித் தோட்டாவில் அழுத்தம் குறைவாதலால் இது அடிக்கடி நேர்வதில்லை. ஆனால் துடைக்காமல் மாறச் சொன்ன புண்ணியவான் நாமேயல்லவா?

எஃகுக் கூடு இழிவான சரக்கும் அன்று. இரண்டாவது உலக மகாயுத்தத்தில் செம்புக்குப் பஞ்சம் வந்தபோது ஜெர்மனி எஃகுக் கூடுகளுக்கு அரக்குப் பூசி உபயோகித்தது. அமெரிக்காவில் எவான்ஸ்வில் நகரத்துத் தொழிற்சாலை .45 அங்குலத் தோட்டாக்களை 300 கோடிக்கு மேல் செய்தது. பெரும்பாலும் எஃகுக் கூடுகளே. பின்னாட்களில் அமெரிக்கச் சந்தைக்கு மலிவுச் சரக்கு ருஷ்யாவிலிருந்து ஏராளமாக வந்தது. 2021-இல் அதற்குப் புதிய இறக்குமதி அனுமதி கிடையாதென்று அமெரிக்க அரசாங்கம் அறிவித்தது.

மலிவுக்கும் ஒரு கணக்கு உண்டு. நம் வீட்டுப் பழைய பித்தளைப் பாத்திரத்தைக் கும்பகோணத்துக் கடைக்காரர் எடை போட்டு எடுத்துக்கொள்ளுவது போல, வெந்த பித்தளைக் கூட்டுக்கும் மறுபிறவி உண்டு. மருந்து நிரப்பிப் பலமுறை சுடலாம். எஃகுக் கூடு பெரும்பாலும் குப்பைக்கே போகும். ஐப்பசி ஈரத்தில் நம் கருக்கரிவாள் துருப்பிடிப்பது போல, பூச்சு உதிர்ந்தால் அதுவும் துருவேறும். உபயோகிப்பவன் துப்பாக்கி செய்தவரின் கைப்புத்தகத்தில் அநுமதி உண்டா என்று பார்த்து, சுட்டபின் அறையைத் துடைத்துவைத்தால் போதும்.

நம் தேசத்தில் இந்தக் கேள்வி பெரும்பாலோருக்கு எழுவதில்லை. 1959-ஆம் வருஷத்து ஆயுதச் சட்டப்படி லைசென்ஸ் இல்லாமல் ஒரு தோட்டாவும் வைத்திருக்கலாகாது. ஆயினும் நமக்குக் கிடைத்த பாடம் துப்பாக்கியைப் பற்றியது மட்டும் அன்று.

இதையெல்லாம் அவனுக்கு எழுதி, தவறு நம்முடையதே என்றும் ஒப்புக்கொண்டோம். "பரவாயில்லை, ஸார். நீங்கள் சொன்னால் சரியாயிருக்கும் என்று நினைத்தேன்" என்று பதில் வந்தது. அந்த வாக்கியம் இன்னும் உறுத்துகிறது.

பள்ளிக்கூடம் திறந்த பிறகு, ஒரு சிறுவன் நமக்குத் தெரியாத கேள்வி ஒன்று கேட்டான். "தெரியாது, தம்பி, விசாரித்து நாளைக்குச் சொல்லுகிறேன்" என்றோம். வகுப்பில் நாற்பது பேரும் நிமிர்ந்து பார்த்தார்கள். அன்று ஒருவரும் ஒன்றும் எழுதிக்கொள்ளவில்லை.