தவணை

கடன் என்னும் சொல் தமிழில் கடமையையும் குறிக்கும். இவ்விரு பொருளும் ஒன்றாகி நிற்பதை என் தந்தையாருடைய வழக்கிலேதான் நான் கண்டேன்.

வத்தேகமக் கடைத்தெருவில் அவர் நடத்தும் பலசரக்குக் கடைக்காக 2019இல் வங்கியொன்றில் எட்டு இலட்சம் ரூபா கடன் பெற்றார். காணி எதுவும் ஈடு வைக்கப்படவில்லை. இருவர் பிணை நின்றனர். பின்னர் நிகழ்ந்தவை யாவரும் அறிந்தவையே. 2020இல் ஊரடங்கு வந்தது. 2022 ஏப்பிரல் 8ஆம் திகதி மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. பன்விலைப் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து வருவோர் சம்பள நாளில் தீர்ப்பதாகக் கொப்பியில் எழுதிச் சென்ற பாக்கியும் பெருகிற்று. (அந்தக் கொப்பிக்கு வட்டியுமில்லை, வழக்குமில்லை.) தவணைகள் தவறின, அழைப்பாணை வந்தது.

இம்மலைகளுக்குக் கடன் புதிதன்று. 1869இல் தோன்றிய இலைநோயால் கோப்பிப் பயிர் அழிந்தபோது, துரைமார் தீர்க்கவியலாத கடன்கள் 1884இல் ஓரியண்டல் வங்கி முறிந்தமைக்கு ஒரு காரணமாயின. தொழிலாளியின் கடனோ 'துண்டு' என்னும் தாளில் எழுதப்பட்டது. அதனைத் தீர்க்கும் தோட்டமே அவனைப் பெறும். இம்முறையைச் சட்டம் தடைசெய்தது 1921இலேதான்.

1889ஆம் ஆண்டின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையில் 194ஆம் பிரிவு எனக்குப் பெரிதும் பிடித்தமானது. பணம் செலுத்துமாறு கட்டளைத்தீர்ப்பு வழங்கும் நீதிமன்றம், அதனைத் தவணைகளாகச் செலுத்தப் பணிக்கலாம் என்கிறது அது. ஈட்டுக் கடனுக்கு மட்டும் அச்சலுகை இல்லை. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டமோ, ஈடு பெற்ற வங்கி நீதிமன்றம் செல்லாமலே பணிப்பாளர் சபைத் தீர்மானத்தினால் சொத்தை ஏலமிட இடமளிக்கிறது. பராட்டே என வழங்குவது இதுவே. 2024இல் பாராளுமன்றம் இதனைச் சிறிது காலம் இடைநிறுத்தியது. காணியை ஈடு வைத்தவன் நீதிபதியைக் காணாமலே அதனை இழக்கலாம்; எங்களைப் போன்றோரிடமே, "மாதம் எவ்வளவு முடியும்?" என்று கேட்கப்படுகிறது.

கண்டியில் நீதிபதி அவ்வாறே சிங்களத்தில் வினவினார். பத்தாயிரம் என்று சொல்லுமாறு சட்டத்தரணி முன்னரே அறிவுறுத்தியிருந்தார். தந்தையாரோ சபை நடுவே பதினெண்ணாயிரம் என்றார்! இரு தரப்பும் இணங்க, அத்தொகையே பதிவாயிற்று. ஒரு தவணை தவறினும் முழுத்தொகையும் உடனே கோரப்படும். பிஸ்கால் கடை வாசலுக்கு வரலாம்.

வீட்டில் அன்றிரவு பெருவாக்குவாதம். பிணை நின்றவருள் ஒருவர் ஓய்வுபெற்ற ஆசிரியர். அவர் வீட்டைக் கடக்கும்போது தலை நிமிர்ந்து நடக்க வேண்டும் என்பது தந்தையாரின் வாதம். அதனை நான் மதிக்கிறேன். ஆயினும் சட்டத்தரணி கூறியதே சரியென்று இன்றும் கருதுகிறேன். சட்டம் கடனாளிக்கு அளிக்கக்கூடிய கருணை காலம் ஒன்றே. நாணத்தினால் அதனைக் குறைத்துக்கொண்டால், அந்த எண்ணாயிரம் தங்கையின் பாடவகுப்பிலிருந்தும் அம்மாவின் மருந்திலிருந்தும் அல்லவா வரவேண்டியிருக்கிறது? குடும்பத்தின் வரவு செலவை ஆராய்ந்த பின்னரே தவணை விதிக்கப்பட வேண்டும். பலர் முன்னிலையில் ஒருவன் வாயில் வந்த எண்ணை அப்படியே எழுதிக்கொள்வது போதாது.

இதுவரை பதினொரு தவணைகள் செலுத்தியாயிற்று. மூன்றாம் மாதத்தில் மோட்டார் சைக்கிள் விற்கப்பட்டது. பற்றுச்சீட்டுகளை அவர் அந்தப் பாக்கிக் கொப்பியினுள்ளேயே வைத்திருக்கிறார்.