மே குஸ்தா என்றால் எனக்குப் பிடிக்கும்

ஸ்பானிஷ் மொழியில "எனக்கு வீடியோ கேம் பிடிக்கும்"னு சொல்றதுக்கு, ஆங்கிலம் மட்டும் தெரிஞ்சவங்க முதல் வாரம் முழி பிதுங்குவாங்க. தமிழ் தெரிஞ்சவங்களுக்கு அஞ்சு நிமிஷம் போதும். மொழிப்பற்றுல அடிச்சு விடறேன்னு நினைக்காதீங்க மக்களே, காரணம் இருக்கு.

ஆங்கிலத்துல எல்லா வேலையையும் "நான்" தான் செய்யணும். நான் விரும்புகிறேன், நான் ரசிக்கிறேன். நாம அப்படியா பேசறோம்? "நான் பிரியாணியை விரும்புகிறேன்"னு ஒருத்தன் சொன்னா, டப்பிங் படம் பாக்கற மாதிரி இருக்கும். "எனக்கு பிரியாணி பிடிக்கும்", அவ்வளவுதான். ஸ்பானிஷ்காரங்களும் இந்த விஷயத்துல நம்ம கட்சி. 'மே'ன்னா எனக்கு. 'மே குஸ்தா'ன்னா எனக்குப் பிடிக்கும். 'மே குஸ்தான் லோஸ் பிதெயோஹுவேகோஸ்'னா எனக்கு வீடியோ கேம்கள் பிடிக்கும். (எழுதும்போது 'வி', சொல்லும்போது 'பி'. அது அவங்க பழக்கம்.)

ஒரே ஒரு வித்தியாசம். நமக்கு ஒரு கேம் பிடிச்சாலும் பத்து கேம் பிடிச்சாலும் "பிடிக்கும்" மாறாது. அவங்களுக்கு ஒண்ணுன்னா 'குஸ்தா', பலதுன்னா 'குஸ்தான்'. ஏன்னா அவங்க இலக்கணப்படி அந்த வாக்கியத்துக்கு எழுவாயே கேம் தான். பிடிக்க வைக்கிற வேலையை அதுதான் செய்யுது. நாம நாலாம் வேற்றுமையில ஓரமா உக்காந்திருக்கோம். ராத்திரி ஒரு மணிக்கு "இன்னும் ஒரே ஒரு லெவல்"னு உக்காந்திருக்கறவனைக் கேளுங்க, இது எவ்வளவு நியாயமான இலக்கணம்னு சொல்லுவான்.

ஒரு எச்சரிக்கை. ஆளைப் பாத்து 'மே குஸ்தாஸ்'னு சொல்லிடாதீங்க. நம்ம ஊர்ல பொண்ணு பாக்கப் போய் "பிடிச்சிருக்கு"ன்னு சொல்ற அதே "பிடிச்சிருக்கு" தான் அது.

நான் படிக்கிறது பி.காம். ஸ்பானிஷ் தெரிஞ்சா அக்கவுண்ட்ஸ் வேலையில கொஞ்சம் கூடுதல் சம்பளம் கிடைக்கும்னு சீனியர் அண்ணன் ஒருத்தர் சொன்னதை நம்பி, சாயந்திர வகுப்புல சேர்ந்தேன். முழுக்க முழுக்க வியாபார நோக்கம். ஆனா பற்று வரவு சொல்லித் தர வேண்டிய ஸ்பானிஷ், எனக்கு கேமைப் பத்திப் பேசத்தான் சொல்லிக் கொடுத்துச்சு.

"பிடிக்கும்"ங்கறது முதல் படி தான். அடுத்த படி 'மே என்காந்தா'. மந்திரம், மயக்கம் சம்பந்தப்பட்ட சொல்லுல இருந்து வந்தது. கேம் நம்மளை மயக்கிப் போட்டுடுச்சுன்னு அர்த்தம். அதுக்கும் மேல போனா ஊருக்கு ஊர் வேற வேற. ஸ்பெயின்ல 'மோலா'ம்பாங்க, மெக்சிகோவுல 'சீதோ', பெருவுலயும் சிலியிலயும் 'பக்கான்', அர்ஜென்டினாவுல 'கொபாதோ', வெனிசுலாவுல 'செவெரே'. எல்லாத்துக்கும் நம்ம "செம" தான் அர்த்தம். மதுரைக்காரரும் கோயம்புத்தூர்க்காரரும் ஒரே சந்தோஷத்தை வேற வேற சொல்லுல சொல்ற மாதிரி.

எனக்கு ரொம்பப் பிடிச்சது 'ஆஸோ'ங்கற விகுதி. 'கோல்'னா கோல், 'கொலாஸோ'ன்னா அட்டகாசமான கோல். 'ஹுவேகோ'ன்னா விளையாட்டு, 'ஹுவேகாஸோ'ன்னா... மாஸ்டர் பீஸ்! இதே விகுதிக்கு அடிங்கற அர்த்தமும் இருக்கு. 'கோதோ'ன்னா முழங்கை, 'கொதாஸோ'ன்னா முழங்கையால ஒரு இடி. ஆக, 'ஹுவேகாஸோ'ன்னு சொல்லும்போது அந்த கேம் நம்ம மேல வந்து மோதின மாதிரி ஒரு சத்தம் காதுல விழுது.

அடுத்தது 'எங்காஞ்சா'. சத்தியமா நான் கிண்டல் பண்ணல, அவங்க சொல்றது காதுல "எங்கஞ்சா"ன்னு தான் விழுது. 'காஞ்சோ'ன்னா கொக்கி. ஒரு கேம் 'எங்காஞ்சா'ன்னா கொக்கி போட்டு இழுக்குது, விட மாட்டேங்குதுன்னு அர்த்தம். வகுப்புல எங்க டீச்சர் இதை போர்டுல எழுதினப்போ பின் பெஞ்சுல எழுந்த சிரிப்பு அடங்க அஞ்சு நிமிஷம் ஆச்சு. அர்த்தமும் கிட்டத்தட்ட பொருந்தினதுனால டீச்சராலயும் ஒண்ணும் சொல்ல முடியல.

சரி, மேட்டருக்கு வருவோம். 'பிசியோ'ன்னு ஒரு சொல் இருக்கு. தீய பழக்கம், கெட்ட வழக்கம்னு அர்த்தம். பையன் எந்நேரமும் டிவி முன்னாடி உக்காந்து கேம் ஆடினா, பெத்தவங்க திட்டற சொல். ஸ்பெயின் பசங்க என்ன பண்ணாங்க தெரியுமா? அந்தத் திட்டையே எடுத்துச் சட்டையில குத்திக்கிட்டாங்க. நல்ல கேம் வந்தா "கே பிசியோ!" என்ன ஒரு கெட்ட பழக்கம்டா இது! அது பாராட்டு. ஒரு கேமே கதின்னு கிடந்தா 'பிசியாதோ'. அதையும் பெருமையாத்தான் சொல்லிப்பாங்க.

நம்மகிட்டயும் இந்த வித்தை உண்டு. "வெறி"ங்கறது ஒரு காலத்துல நல்ல சொல்லா? இன்னைக்கு "வெறித்தனம்"னா உச்சகட்டப் பாராட்டு. ஆனா இதை நாம படத்துக்குச் சொல்றோம், கிரிக்கெட்டுக்குச் சொல்றோம். கேமுக்கு நண்பர்கள் கூட்டத்துக்குள்ள மட்டும் சொல்லிக்கிறோம். வீட்டு வாசலைத் தாண்டினா அதே கேம் "டைம் வேஸ்ட்" ஆயிடுது.

ஒரு கேமை முழுசா முடிக்கறதுக்கும் அவங்ககிட்ட தனிப் பேச்சு இருக்கு. ஸ்பெயின்ல 'பசார்ஸே'ன்னு சொல்லுவாங்க, கடந்து போறது. அதே வினைக்கு வரம்பு மீறறதுங்கற அர்த்தமும் உண்டு. அர்ஜென்டினாக்காரர் "அதைத் திருப்பிப் போட்டுட்டேன்"ம்பார், நம்ம தோசையைத் திருப்பிப் போடற மாதிரி. காசு போட்டு ஆடற கேம் கடைகளுக்கும் ஆளுக்கொரு பேர். ஸ்பெயின்ல 'ரெக்ரியாத்தீவோஸ்', மெக்சிகோவுல 'மாக்கினீத்தாஸ்', அதாவது குட்டி மெஷின்கள். அர்ஜென்டினாவுல 'ஃபிச்சீனெஸ்', மெஷினுக்குள்ள போடற டோக்கனுக்கு 'ஃபிச்சா'ன்னு பேர், அதுல இருந்து வந்தது.

இத்தனை சொல் எப்படி முளைச்சுச்சு? எனக்குத் தெரிஞ்ச வரைக்கும் பதில் எளிமை. அவங்க தங்கள் மொழியிலேயே கேம் செஞ்சாங்க, தங்கள் மொழியிலேயே அதைப் பத்திப் படிச்சாங்க, சண்டையும் போட்டாங்க. 1980கள்ல ஸ்பெயின்ல கேம் செய்யறது ஒரு அலையா எழுந்துச்சு. 'தினாமிக்', 'ஓப்பெரா சாஃப்ட்', 'டோப்போ சாஃப்ட்'னு கம்பெனிகள் வந்துச்சு. அந்தக் காலத்தை இன்னைக்கும் ஸ்பானிஷ் மென்பொருளோட பொற்காலம்னு சொல்றாங்க. 'மிக்ரோமானியா'ங்கற கேம் பத்திரிகை 1985-ல வந்துச்சு. 1987-ல 'லா அபாதியா தெல் கிரிமென்'னு ஒரு கேம். உம்பர்ட்டோ எக்கோவோட நாவலை வச்சு பாக்கோ மெனெந்தெஸும் ஹுவான் தெல்கானும் செஞ்சது. நாவலோட பேரை வைக்க உரிமை கிடைக்கல, அதனால பேரை மாத்தி விட்டாங்க. ஒரு மடாலம், அதுல கொலைகள், மணி அடிச்சா பிரார்த்தனைக்குப் போயே ஆகணும், போகலைன்னா கதை முடிஞ்சுது. ரொம்பக் கம்மி மெமரி இருந்த அந்தக் காலத்து கம்ப்யூட்டர்ல இதைச் செஞ்சாங்க. 2017-ல, முப்பது வருஷம் கழிச்சு, ஸ்பெயின் தபால்துறை இந்த கேமுக்கு ஒரு தபால்தலை வெளியிட்டுச்சு. கேமுக்குத் தபால்தலை! யோசிச்சுப் பாருங்க.

அதுக்காக அங்க எல்லாம் சுகமாவே நடந்துச்சுன்னு இல்ல. 1999-ல 'மெட்டல் கியர் சாலிட்' ஸ்பெயினுக்கு வந்தப்போ முழுசா ஸ்பானிஷ் குரலோட வந்துச்சு. கதாநாயகன் ஸ்நேக்குக்கு அல்ஃபோன்ஸோ வயேஸ் குரல். அதைக் கேட்டு வளர்ந்தவங்க இன்னைக்கும் உருகுறாங்க. ஆனா ரெண்டாம் பாகத்துக்கு அந்தக் குரல் கிடையாது. 2005-ல வந்த 'ரெசிடென்ட் ஈவில் 4' ஸ்பெயின் மாதிரி ஒரு கிராமத்துல நடக்குது, ஆனா கிராமத்து ஆளுங்க மெக்சிகோ வாடையில திட்டுவாங்க. அதுல கையில புழங்கற காசு பெசேத்தா. ஸ்பெயின்ல 2002-லயே யூரோ வந்தாச்சு! செவியாவுல செஞ்ச 'பிளாஸ்ஃபெமஸ்' 2019-ல வந்துச்சு. அந்த ஊர்ப் புனித வாரத்து ஊர்வலமும் கூம்புத் தொப்பியும் தான் அந்த கேமோட உயிர். அதுகூட முதல்ல ஆங்கிலத்துல தான் பேசுச்சு. ஸ்பானிஷ் குரல் அடுத்த வருஷம் தான் சேர்ந்துச்சு. சொந்த ஊர்க் கதைக்கு சொந்த மொழி லேட்டா வந்து சேர்றது நமக்கு மட்டும் நடக்கற விஷயம் இல்ல போல.

ஆனாலும் பேசறவங்க நிறுத்தல. 2021 ஜனவரியில 'தெகிரெஃப்'ங்கற ஸ்பெயின் இளைஞர், ஃபோர்ட்நைட் கேம்ல தன் பேர்ல வரப்போற உருவத்தை ட்விட்ச் நேரலையில காட்டினார். ஒரே நேரத்துல 24 லட்சம் பேருக்கு மேல பாத்தாங்க. அன்னைக்கு அது அந்தத் தளத்தோட சாதனை. அவர் பேசினது முழுக்க ஸ்பானிஷ்.

இப்ப என் கதைக்கு வரேன். எங்க வகுப்போட கடைசியில வாய்மொழித் தேர்வு. "உனக்குப் பிடிச்ச பொழுதுபோக்கு" பத்தி ரெண்டு நிமிஷம் பேசணும். முன்னாடி போனவங்க எல்லாம் புத்தகம், இசை, சமையல்னு பதவிசா பேசிட்டு வந்தாங்க. நான் 'கமாண்டோஸ்' பத்திப் பேசினேன். நம்ம ஊர்ல பழைய கம்ப்யூட்டர் இருந்த எத்தனையோ வீட்டுல இந்த கேம் இருந்திருக்கும். அதைச் செஞ்சது மாட்ரிட்ல இருந்த 'பைரோ ஸ்டூடியோஸ்'. 1998-ல முதல் பாகம், 2001-ல ரெண்டாவது. எங்க மாமா வீட்டு கம்ப்யூட்டர்ல ரெண்டாவது பாகத்தை நான் பாதி வெயில்காலம் பூரா ஆடியிருக்கேன். அது ஸ்பெயின் சரக்குன்னு அப்ப தெரியாது.

எதிரியோட பார்வை ஒரு பச்சை விசிறி மாதிரி தரையில விழும், அதைத் தொடாம ஊர்ந்து போகணும், ஒரு சிப்பாயைத் தாண்ட பத்து தடவை சாகணும்னு எனக்குத் தெரிஞ்ச அரைகுறை ஸ்பானிஷ்ல அடுக்கினேன். மே என்காந்தா! எங்காஞ்சா! உன் ஹுவேகாஸோ! டீச்சர் சிரிச்சுக்கிட்டே நேரம் முடிஞ்சு போச்சுன்னு கையைக் காட்டினாங்க. நான் நிறுத்தல.

அன்னைக்கு ராத்திரி ஹாஸ்டல்ல படுத்திருக்கும்போது தான் உறைச்சது. இந்த ரெண்டு நிமிஷத்தை நான் தமிழ்ல யார்கிட்டயும் பேசினது இல்ல. நண்பர்கள்கிட்ட பாதி ஆங்கிலம். வீட்டுல பேச்சே இல்ல. எங்க அப்பா மன்னார்குடியில ஹார்டுவேர் கடை வச்சிருக்கார். அவருக்கு கேம்னா நான் மார்க்கைக் கோட்டை விடற வழி. நானூறு சொல் மட்டும் தெரிஞ்ச மொழியில சொல்ல முடிஞ்சது, பிறந்ததுல இருந்து பேசற மொழியில முடியலைன்னா சிக்கல் மொழியில இல்லையே?

பொங்கல் லீவுல கடையில உக்காந்திருந்தப்போ ஆரம்பிச்சேன். "அப்பா, சின்ன வயசுல மாமா வீட்டுல ஒரு கேம் ஆடுவேனே..." அவர் கணக்கு நோட்டுல இருந்து தலையைத் தூக்கல. பச்சை விசிறி பத்திச் சொன்னேன், "ம்". நாயைக் கூட்டிக்கிட்டுப் போறதைச் சொன்னேன், "ம்". க்வாய் நதிப் பாலத்தைத் தகர்க்கற கட்டத்தைச் சொன்னேன். பேனாவைக் கீழ வச்சுட்டார்.

"சயாம்ல ஜப்பான்காரன் போட்டானே, அந்த ரயில் பாலமா?"

"ஆமாப்பா."

"உங்க தாத்தாவோட சித்தப்பா ஒருத்தர் மலாயா தோட்டத்துக்குப் போனவர். சயாம் ரயில் போட இழுத்துட்டுப் போனாங்கன்னு கேள்வி. திரும்பி வரல. உங்க தாத்தா சொல்லிக்கிட்டே இருப்பார்."

1942-43-ல அந்த ரயில் பாதையில வேலைக்குக் கொண்டு போகப்பட்டவங்கள்ல மலாயாவோட தமிழ்த் தோட்டத் தொழிலாளர்கள் பல்லாயிரம் பேர். அதை சயாம் மரண ரயில்னு சொல்றாங்க. எனக்கு அந்தப் பாலம் வெறும் ஒரு லெவல். வெடியை எங்க வைக்கணும்னு மனப்பாடம். அங்க எங்க வீட்டு ஆள் ஒருத்தர் இருந்திருப்பார்னு எனக்கு யாரும் சொன்னதில்ல, ஏன்னா நானும் அந்தப் பாலத்தைப் பத்தி யார்கிட்டயும் பேசினதில்ல. அப்பா அன்னைக்குக் கடை மூடற வரைக்கும் பேசினார். நடுவுல, "அந்த கேம்ல பாலம் நெஜமாவே உடையுமா?"ன்னு ஒரு தடவை கேட்டார்.

இதுதான் நான் சொல்ல வந்தது. ஸ்பானிஷ்காரங்க கேமுக்கு நூறு சொல் வச்சிருக்காங்கன்னா, அவங்க நூறு விதமா அதைப் பத்தி வீட்டுலயும் தெருவுலயும் பேசியிருக்காங்கன்னு அர்த்தம். சொல் அகராதியில பிறக்கறது இல்ல. நமக்கு "செம" இருக்கு, "வெறித்தனம்" இருக்கு, "எனக்குப் பிடிக்கும்"ங்கற அருமையான வாக்கியம் ரெடியா இருக்கு. அதை யார்கிட்ட சொல்றோம்ங்கறது தான் பாக்கி.

உங்களுக்குப் பிடிச்ச கேமை, அதை ஆடாத ஒரு பெரியவர்கிட்ட ரெண்டே ரெண்டு நிமிஷம் தமிழ்ல சொல்லிப் பாருங்க. முதல் நாலு தடவை "ம்" தான் வரும். அஞ்சாவதுக்கு என்ன வரும்னு சொல்ல முடியாது.