துப்பாக்கி துடைக்கிற நாள்

சாளையில் துப்பாக்கி இருக்குன்னு தெரிஞ்சா, கோயமுத்தூர், சென்னையில் இருக்கும் சொந்தக்காரர்கள் முதலில் கேட்பது ஒண்ணே ஒண்ணுதான்: "எத்தனை பன்னி சுட்டீங்க?"

ஒண்ணும் சுடலைங்க. சுடவும் கூடாது. காட்டுப்பன்னி 1972-ஆம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வருகிறது. 2025 ஜனவரியில் தமிழக அரசு அறிவித்ததுகூட, காப்புக்காட்டிலிருந்து மூணு கிலோமீட்டருக்கு அப்பால் வரும் பன்னிகளை வனத்துறை ஆட்கள் சுடலாம் என்றுதான். விவசாயி வீட்டுத் துப்பாக்கிக்கு அதில் இடமில்லை. மயிலைப் பத்திச் சொல்லவே வேண்டாம், அது தேசியப் பறவை.

அதனால் நாங்கள் தகரம் தட்டுகிறோம். நிலக்கடலைக் காட்டைச் சுத்திப் பழைய சேலையைக் கட்டுகிறோம். பட்டாசு வெடிக்கிறோம். துப்பாக்கி பீரோவுக்குள்ளேயே கிடக்கிறது. ஆனால் வருஷத்துக்கு நாலஞ்சு தடவை அதைக் கழட்டித் துடைச்சே ஆகணும். சுடாத துப்பாக்கிக்கு எதுக்குங்க துடைப்பு என்று கேட்பீர்கள். சும்மா கிடக்கிற இரும்புதான் சீக்கிரம் துருப்பிடிக்கும். சும்மா கிடக்கிற துப்பாக்கியைத்தான் காலியாக இருக்கும் என்று நம்பி அசட்டையாகக் கையில் எடுப்பார்கள்.

எங்களுடையது பன்னெண்டு போர் ரெட்டைக் குழல். 1968-இல் எங்க ஐயன் கோயமுத்தூர் கடை ஒன்றில் பழசாக வாங்கியது. லைசென்ஸில் பயிர்ப் பாதுகாப்பு என்று எழுதியிருக்கும். பன்னெண்டு போர் என்பது பன்னெண்டு குண்டு போடலாம் என்ற கணக்கு இல்லை. ஒரு பவுண்டு ஈயத்தைப் பன்னெண்டு சம உருண்டையாக்கினால், அதில் ஒரு உருண்டை எந்தக் குழலுக்குள் சரியாகப் போகுமோ அதுதான் பன்னெண்டு போர். ஏறக்குறைய பதினெட்டரை மில்லிமீட்டர் அகலம்.

சினிமாவில் வருகிற மாதிரி தானே அடுத்த தோட்டாவை ஏத்திக்கிற ஷாட்கன் சாதாரண லைசென்ஸுக்குக் கிடைக்காது. நம் சட்டத்தில் அது கட்டுப்படுத்தப்பட்ட ரகம். அதில் ஒரு ஆபத்தும் உண்டு. வாயில் இருக்கும் தோட்டாவை எடுத்தாலும், உள்ளே குழாயில் இன்னும் நாலு நிற்கலாம். எல்லாத்தையும் இறக்கி, அறையைத் திறந்து வைத்து, விரல் விட்டுப் பார்த்த பிறகுதான் ஒரு திருகைத் தொடணும். ரெட்டைக் குழலில் இந்த ஒளிவு மறைவு கிடையாது. நெம்பைத் தள்ளினால் நடுவில் மடங்கி, ரெண்டு ஓட்டையும் நம் முகத்துக்கு நேரே தெரியும்.

அப்படித் தெரிந்தும் ஆள் செத்திருக்கிறார்கள். நான் பத்தாவது படிக்கும்போது, மலையோரம் இருந்த பக்கத்து ஊரில் ஒருத்தர் துப்பாக்கி துடைக்க உட்கார்ந்தார். வலது குழலைப் பார்த்தார். காலி. இடது குழலைப் பார்க்கவில்லை. எதிரே உட்கார்ந்து துணி கிழித்துக் கொடுத்துக்கொண்டிருந்தவர் அவருடைய மச்சான். மீதியை நான் எழுத வேண்டாம்.

அன்றைக்கு எங்க ஐயன் சொன்னது: "காலின்னு நெனச்சேங்கறது துப்பாக்கி வெச்சிருக்கறவன் வாயில வரக்கூடாத வார்த்தை. காலியா இருக்குதுன்னு பாத்தேன்னு சொல்லு. தொட்டுப் பாத்தேன்னு சொல்லு."

அதனால் எங்கள் வீட்டில் துடைப்பு துணியோடு ஆரம்பிக்காது. முதலில் தோட்டா டப்பா வேற அறைக்குப் போகும். துடைக்கிற இடத்தில் ஒரு தோட்டாகூட இருக்கக் கூடாது. பிறகு, பீரோவிலிருந்து எடுக்கும்போதே வாயைச் சுவர்ப் பக்கம் திருப்பி, விரலை விசையில் வைக்காமல், நெம்பைத் தள்ளி மடக்குவேன். ரெண்டு அறையையும் கண்ணால் பார்ப்பேன். ரெண்டிலும் சுண்டு விரலை விட்டுத் தடவுவேன். நேற்று நானே காலி பண்ணி வைத்ததாக இருந்தாலும் இதே கதைதான். வேறு ஒருவர் கையிலிருந்து வாங்கினாலும் அவர் எதிரிலேயே ஒரு தடவை திறந்து பார்க்கணும். அதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை.

இனிக் கழட்டுவது. ரெட்டைக் குழல் மூணு துண்டாகத்தான் பிரியும். காலி என்று பார்த்த பிறகு துப்பாக்கியை மூடி, குழலுக்கு அடியில் இருக்கும் முன்கட்டையின் பிடியை இழுத்தால் அது தனியாக வந்துவிடும். அடுத்து நெம்பைத் தள்ளி மடக்கி, குழலைக் கொஞ்சம் தூக்கினால் கீலிலிருந்து கழன்று வரும். கையில் மிஞ்சுவது பின்கட்டையும் விசையும். அவ்வளவுதான், ஸ்க்ரூ டிரைவருக்கு வேலை இல்லை. உள்ளே ஸ்பிரிங் இருக்கும் பூட்டுப் பகுதியைத் திறப்பது லைசென்ஸ் உள்ள துப்பாக்கிக் கடைக்காரரின் வேலை. இன்னொண்ணு, குழல் கழன்று இருக்கும்போது விசையை இழுத்துப் பார்க்கக் கூடாது. இழுத்துவிட்டால் திரும்ப மாட்ட வராமல் மல்லுக்கட்டணும்.

கழட்டியதும் குழலின் அடிப்பக்கம் இருக்கும் தட்டையான இடத்தைப் பாருங்கள். சின்னச் சின்ன முத்திரைகள் தெரியும். எங்களுடையது இங்கிலாந்து பர்மிங்ஹாமில் செய்தது. அங்கே 1813-இல் ஆரம்பித்த சோதனைச் சாலை இன்றைக்கும் உண்டு. கூடுதல் மருந்து வைத்து வெடித்துப் பார்த்து, குழல் தாங்கினால்தான் முத்திரை குத்துவார்கள். தோட்டா அறையின் நீளமும் அதில் இருக்கும். எங்களுடையதில் ரெண்டரை அங்குலம் என்று இருக்கிறது. இப்போது கடையில் பொதுவாகக் கிடைப்பது ரெண்டே முக்கால் அங்குலத் தோட்டா. உள்ளே போகிறதே என்று போட்டால், வெடிக்கும்போது வாய் விரிய இடம் இல்லாமல் அழுத்தம் ஏறிவிடும். பழைய துப்பாக்கி வைத்திருப்பவர்கள் இந்த ஒரு எண்ணையாவது கழட்டிப் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும்.

துடைப்பை வாசல் திண்ணையில்தான் வைத்துக்கொள்வோம். மண்ணெண்ணெய் புழங்குவதால் அடுப்பு, பீடி எதுவும் பக்கத்தில் ஆகாது. முதலில் குழலை வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து உள்ளே பார்ப்பேன். நல்ல குழல் கண்ணாடி வளையல் மாதிரி வட்ட வட்டமாக மின்னும். அப்படி மின்னாமல் இருட்டாக இருந்தால் உள்ளே என்னமோ இருக்கிறது என்று அர்த்தம். ஒரு ஆடி மாசம் இடது குழல் நடுவில் குளவி மண்கூடு கட்டியிருந்தது. நம் ஊர்க் குளவிக்குச் சாவித் துவாரம் போதும், பதினெட்டு மில்லிமீட்டர் குழல் மாளிகை. பார்க்காமல் அப்படியே வெடித்திருந்தால் குழல் கிழிந்து, பிடித்திருக்கும் கையும் போயிருக்கும். இதற்குப் பயந்து வாயில் துணி அடைத்து வைப்பவர்கள் உண்டு. அதுவும் தப்பு. ஈரம் உள்ளேயே நிற்கும், அடைத்ததை ஒருநாள் மறந்தும் போவோம்.

துடைக்கும் கம்பியை எப்போதும் தோட்டா அறைப் பக்கமிருந்து வாய்ப் பக்கம் தள்ளணும். அழுக்கு வெளியே போகும், உள்ளே சேராது. மண்ணெண்ணெய் நனைத்த துணி ஒருமுறை. பித்தளை பிரஷ் பத்துத் தடவை. அப்புறம் பழைய வேட்டித் துணி, வெள்ளையாகப் போய் வெள்ளையாக வரும்வரை. கடைசியில் தையல் மிஷின் எண்ணெய் ரெண்டு சொட்டு, துணியில் தொட்டு மெலிசாக. சொதசொதவென்று எண்ணெய் விட்டால் அது வழிந்து கட்டைக்குள் இறங்கி மரத்தைப் பாழாக்கும். அதனால்தான் நான் அன்றைக்கு ராத்திரி குழலின் வாயைக் கீழே வைத்து, செய்தித்தாள் மேல் சாய்த்து வைப்பேன்.

"ஏன், நம்ம தேங்கா எண்ணெய் ஆகாதா?" என்று கேட்பார்கள். ஆகாதுங்க. மார்கழியில் தலைக்கு வைக்கிற எண்ணெய் பாட்டிலில் உறைவதைப் பார்த்திருப்பீர்களே, அது கீல் இடுக்கிலும் உறையும், நாளாக நாளாகப் பிசினாகும். வெளியே துரு தெரிந்தால் உப்புத்தாள் போட்டுத் தேய்க்கக் கூடாது, மேலே இருக்கும் கருநீலப் பூச்சு போய், அடுத்த மழைக்கு இன்னும் வேகமாகத் துரு ஏறும். எண்ணெய் தொட்ட துணியைச் சுத்தி ஒரு ராத்திரி விட்டுத் துடைத்தாலே மேல்துரு வந்துவிடும். கட்டைக்கு ஆளிவிதை எண்ணெய். மாட்டி முடித்ததும் கை வைத்த இடத்தையெல்லாம் இன்னொரு தடவை துடைக்கணும், வேர்வை உப்பு இரும்பைத் தின்னும். பிறகு கையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டுத்தான் சாப்பாடு, அழுக்கில் ஈயம் இருக்கும்.

எலெக்‌ஷன் வந்தால் துப்பாக்கியை போலீஸ் ஸ்டேஷனில் ஒப்படைக்கச் சொல்வார்கள். 2024 எம்பி எலெக்‌ஷனுக்கு மார்ச் 16-ஆம் தேதி நடத்தை விதி வந்தது, ஜூன் 6-ஆம் தேதிதான் எடுத்தார்கள். நம் ஊர் ஓட்டு ஏப்ரல் 19-லேயே முடிந்துவிட்டது என்பது வேறு விஷயம். கிட்டத்தட்ட மூணு மாசம் ஏகப்பட்ட துப்பாக்கிகளோடு ஒரே அறையில் சீட்டுக் கட்டிச் சாத்தி வைத்திருப்பார்கள். திரும்பி வந்தபோது குழலுக்குள் செம்மண் நிறத்தில் ஒரு படலம். அவர்களைக் குறை சொல்லி என்ன, அது துப்பாக்கி துடைக்கிற இடமா? கொடுக்கும்போது எண்ணெய் போட்டுக் கொடுப்பதும், வாங்கியதும் ஸ்டேஷனிலேயே திறந்து பார்ப்பதும் நம் வேலை.

துடைப்பு முடிந்ததும் துப்பாக்கி ஒரு பீரோவுக்குப் போகும், தோட்டா இன்னொரு பெட்டிக்கு. துப்பாக்கிச் சாவி ஐயனிடம் இருந்தது, இப்போது என்னிடம். தோட்டாச் சாவி அம்மாவிடம் இருந்தது, இப்போது என் வீட்டுக்காரியிடம். சின்ன வயசில் இது திருடனுக்கான ஏற்பாடு என்று நினைத்திருந்தேன்.

2016-இல் வடகிழக்குப் பருவமழை பொய்த்தது. 2017 ஜனவரியில் தமிழ்நாடு முழுவதையும் வறட்சி என்று அறிவித்தார்கள். எங்கள் போர் ரெண்டும் காற்று ஊதியது. மூணாவதுக்கு வட்டிக்கு வாங்கிப் போட்டோம், ஆயிரம் அடிக்கும் வெறும் புழுதி. தென்னை ஒவ்வொண்ணாகத் தலை சாய்ந்தது. ராத்திரி தூக்கம் வராமல் நான் களத்தில் நடந்துகொண்டிருப்பேன். அந்த மாசத்தில் ஒருநாள், வழக்கமாக அரிசிப் பானைக்கு அடியில் இருக்கும் தோட்டாச் சாவி அங்கே இல்லை. அவள் எங்கே வைத்தாள் என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. அடுத்த வருஷம் மழை பெய்து, கிணற்றில் தண்ணி தெரிந்த பிறகு சாவி பழைய இடத்துக்கு வந்துவிட்டது. அதைப் பற்றி இன்றுவரை நாங்கள் பேசியதில்லை.

ஐயனும் அம்மாவும் எதற்கு அப்படிப் பிரித்து வைத்தார்கள் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. துப்பாக்கியும் தோட்டாவும் ஒண்ணு சேர ரெண்டு மனுஷர் மனசு வைக்கணும். ஒருத்தர் மனசு சரியில்லாத நாளில் இன்னொருத்தர் மனசு காவல் இருக்கும். துப்பாக்கி இருக்கும் வீட்டில் எண்ணெயைவிட, பிரஷ்ஷைவிட முக்கியமான சாமான் இதுதான். துப்பாக்கி வைத்திருக்கும் உறவுக்காரர் யாராவது தொய்ந்து போயிருப்பதாகத் தெரிந்தால், ஆறுதல் சொல்வதோடு சாவியையும் வாங்கிக்கொள்ளுங்கள். ஸ்டேஷனிலோ லைசென்ஸ் உள்ள கடையிலோ கொஞ்ச நாள் ஒப்படைத்து வைக்கச் சட்டத்திலேயே வழி இருக்கிறது.

2019 திருத்தத்துக்குப் பிறகு லைசென்ஸ் அஞ்சு வருஷத்துக்கு ஒருமுறை புதுப்பிக்கணும். எனக்கு வரும் தை மாசம் முடிகிறது. சென்னையில் வேலை பார்க்கும் மகள், "எதுக்குப்பா இது, குடுத்துடலாம்" என்கிறாள். அவள் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. காட்டைக் காப்பாற்றாத துப்பாக்கியை நாம்தான் காப்பாற்றிக்கொண்டிருக்கிறோம். இன்னும் முடிவெடுக்கவில்லை.

ஆனால் ஒண்ணு மட்டும் பண்ணினேன். போன பொங்கலுக்கு வந்தபோது அவளையும் அவள் அம்மாவையும் திண்ணையில் உட்கார வைத்தேன். சுடக் கற்றுத்தரவில்லை. நெம்பைத் தள்ளித் திறந்து, ரெண்டு குழலையும் பார்த்து, விரல் விட்டுத் தடவக் கற்றுக்கொடுத்தேன். நான் புதுப்பித்தாலும் சரி, ஒப்படைத்தாலும் சரி, நான் இல்லாத ஒரு நாளில் அந்த பீரோவை யாராவது திறக்கத்தானே வேண்டும்? அவர்கள் முதல் தடவையாகத் தொடுகிறவர்களாக இருக்கக் கூடாது.

மகள் ரெண்டு விரலையும் வெளியே எடுத்துச் சொன்னாள்: "காலியா இருக்குப்பா. தொட்டுப் பாத்துட்டேன்."